புதருக்குப் பின்னாலிருந்து ஒரு ரைட்

சரக்கு ரயிலின் கடைசியில் ஒரு இரும்புப் பெட்டி ஆடிக்கொண்டு போவதைப் பார்த்திருப்பீர்கள். அதில் ஒரு ஆள் உட்கார்ந்திருப்பதையும் பார்த்திருக்கலாம். பார்த்த கையோடு மறந்தும் போயிருப்பீர்கள். கேட் திறந்ததா, நம் வண்டியைக் கிளப்பினோமா என்றுதான் யாருக்கும் இருக்கும். அந்தப் பெட்டிக்குப் பெயர் பிரேக் வேன். உள்ளே இருக்கிறவர் கார்டு. அப்படி ஒரு கார்டைப் பற்றித்தான் சொல்லப்போகிறேன்.

பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று அவருக்கு உண்டு. சம்பளச் சீட்டைத் தவிர வேறெங்கும் அது புழங்கவில்லை. முகத்துக்கு நேரே கார்டு சார். முதுகுக்குப் பின்னால் பாய்லர். குட்டை உருவம், புடைத்த கழுத்து, கண் விழிக்கும்போதே பாதி சூடேறிய மண்டை. டிரைவரும் கார்டும் படுத்து எழும் ரன்னிங் ரூமில் டீயில் சர்க்கரை குறைந்தால் சத்தம் போடுவார். கூடினாலும் சத்தம் போடுவார். சரியாக இருந்துவிட்டால், "இன்னிக்கு மட்டும் எப்படிய்யா சரியா வந்துச்சு?" என்று அதற்கும் சத்தம்.

ஆனால் நியாயம் என்று ஒன்று இருக்கிறது. அந்தப் பெட்டிக்குள் போட்டு வருஷக்கணக்கில் ஆட்டினால் எந்தச் சாதுவும் பாய்லராகத்தான் ஆவான்.

உள்ளே ஏறிப் பார்த்தால் தெரியும். நாலு பக்கமும் இரும்பு. உட்கார ஒரு இரும்புப் பலகை, கையால் சுற்றும் பிரேக் சக்கரம், ஜன்னல் என்று சொல்லிக்கொள்ள ஒரு ஓட்டை. விளக்கு இல்லை, மின்விசிறி இல்லை. வண்டி வேகமெடுத்தால் பல்லும் பல்லும் மோதும். டீயை வாய்க்குக் கொண்டுபோனால் காதில்தான் ஊற்றிக்கொள்ள வேண்டும். வெயில் நாளில் சுவரில் கை பட்டால் தோல் பொசுங்கும். நிலக்கரி ஏற்றிய வண்டியென்றால் இறங்கும்போது கண் மட்டும் வெள்ளையாக இருக்கும். சிமென்ட் என்றால் புருவம் முதற்கொண்டு நரைத்துப்போய் வீட்டு வாசலில் நிற்பார். "யாரு வேணும்?" என்று கேட்டுவிட்டுத்தான் சம்சாரம் கதவைத் திறப்பாள். வேண்டுமென்றே கேட்பாள்.

அதற்கும் மேலே தனிமை. டிரைவருக்காவது பக்கத்தில் உதவி டிரைவர் உண்டு. சண்டை போடவாவது ஒரு முகம். கார்டுக்கு யார் இருக்கிறார்கள்? முன்னால் கண்ணுக்கெட்டியவரை வேகன்களின் முதுகு, பின்னால் ஓடி ஓடிச் சிறுத்துப்போகிற தண்டவாளம். வேகனோடு பேச முடியாது. பாய்லர் அதையும் செய்திருக்கிறார். திட்டித்தான் பேசுவார்.

கழுத்தில் தொங்கும் வாக்கி டாக்கி ஒன்றுதான் துணை. அதிலும் என்ன பெரிய பேச்சு? போகலாம் என்று சிக்னல் விழுந்ததும் டிரைவர் கேட்பார்: "கார்டு சார், ரைட்டா?" இவர் சொல்வார்: "ரைட்." கார்டு ரைட் சொல்லாமல் டிரைவர் வண்டியை எடுக்கக் கூடாது. ரைட் சொல்லிவிட்டால் வண்டிக்குக் கார்டு பொறுப்பு. காலையிலிருந்து மாலைவரை ஒரு மனுஷனோடு அவர் பேசுகிற பேச்சு இந்த ஒரு சொல்தான். சொல்லிச் சொல்லி அது மூளைப் பக்கமே போகாமல் காதிலிருந்து நேராக வாய்க்கு வரப் பழகிவிட்டது. வீட்டில் குறட்டை விட்டுக்கொண்டிருப்பார். சம்சாரம் தோளில் தட்டி, "கொஞ்சம் தள்ளிப் படுக்கிறீங்களா?" என்றால் "ரைட்" என்பார். தள்ளிப் படுக்க மாட்டார். மகள் இதைக் கண்டுபிடித்து வைத்துக்கொண்டு, அசந்து தூங்கும் நேரமாகப் பார்த்து, "அப்பா, எனக்குப் புது போன், ரைட்டா?" என்று காதோரம் கேட்டாள். "ரைட்." எழுந்தபின் அவர் போட்ட கூச்சல் தெருமுனைவரை கேட்டது. பிரயோஜனமில்லை. சம்சாரம் சாட்சி நின்றாள்.

சரக்கு வண்டிக்கு நேரம் காலம் கிடையாது. எப்போது போய்ச் சேரும் என்று ஓட்டுகிறவருக்கும் தெரியாது, ஓரிடத்தில் உட்கார்ந்து போனிலேயே எல்லா வண்டிகளையும் ஆட்டிவைக்கிற கண்ட்ரோலுக்கும் தெரியாது. எக்ஸ்பிரஸ் வருகிறது, ஒதுங்கு. பாசஞ்சர் வருகிறது, ஒதுங்கு. அதிகாரி ஒருவர் தண்டவாளம் பார்வையிட வருகிறார், நன்றாக ஒதுங்கு. ஆள் நடமாட்டமில்லாத ஒரு ஸ்டேஷனில் லூப் லைன் என்கிற பக்கத் தண்டவாளத்தில் வண்டியைத் தள்ளிவிட்டு மறந்துவிடுவார்கள். போன் பண்ணிக் கேட்டால், "இதோ எடுத்துடறோம் கார்டு சார்." காலையிலும் இதோ. பொழுது சாயும்போதும் இதோ. அந்த "இதோ"வைச் சொல்கிறவன் ஒரு நாள் தன் கையில் சிக்குவான் என்று பாய்லர் பல காலமாகக் காத்திருக்கிறார்.

இந்த லட்சணத்தில், அந்தப் பெட்டியில் கக்கூஸ் கிடையாது.

வெளியாட்களிடம் சொன்னால் நம்பமாட்டார்கள். "ரயிலிலா? ரயிலில் இருக்குமே!" என்பார்கள். இருக்கிறது, பயணிகளுக்கு. ரயிலை ஓட்டுகிறவனுக்கு இல்லை, கடைசியில் உட்கார்ந்து காவல் காக்கிறவனுக்கு இல்லை. வண்டி நிற்கிற இடத்தில் இறங்கி, புதரைத் தேடி ஓடி, திரும்பி ஓடிவந்து ஏற வேண்டும். வண்டி நிற்காவிட்டால் பல்லைக் கடித்துக்கொள்ள வேண்டும். இதற்குப் பயந்தே அவர் வேலை நாளில் தண்ணீரைத் தொண்டை நனைகிற அளவுக்குத்தான் குடிப்பார். அதன் பலனாகச் சிறுநீரகத்தில் கல் வந்து, நடு வழியில் இடுப்பைப் பிடித்துக்கொண்டு இரும்புத் தரையில் உருண்டிருக்கிறார். "நிறையத் தண்ணி குடிக்கணும்" என்றார் ரயில்வே டாக்டர். "குடிச்சிட்டு? உங்க வீட்டுக்கு வரட்டுமா?" என்றார் பாய்லர். டாக்டர் அதன்பின் அவரிடம் மாத்திரை மட்டும்தான் கொடுத்தார், யோசனை கொடுக்கவில்லை.

எத்தனையோ தடவை கேட்டுப் பார்த்தார். வாயால் கேட்டார், எழுதிக் கொடுத்தார், அதிகாரி காரை மறித்தும் கேட்டார். பரிசீலனையில் இருக்கிறது என்றார்கள். அந்தப் பரிசீலனை தொடங்கியபோது சேர்ந்தவர்கள் ரிட்டயராகிப் போய்விட்டார்கள்.

தப்பிக்க ஒரே வழி பாசஞ்சர் வண்டி. அங்கே கார்டுக்கு விளக்கு, விசிறி, கக்கூஸ் எல்லாம் உண்டு. அதைவிடப் பெரிசு, டைம் டேபிள் உண்டு. இத்தனை மணிக்குப் போனால் இத்தனை மணிக்கு வீடு. சம்சாரம் அந்த நாளுக்குத்தான் காத்திருந்தாள். "ஒரு நாளாவது நீங்க எப்ப வருவீங்கன்னு தெரிஞ்சு சமைக்கணும்" என்பாள். சீனியாரிட்டிப்படி அவர் முறை நெருங்கிவிட்டது. அடுத்த மாதம் ஆர்டர் வந்துவிடும். ஒரே நிபந்தனை, அதற்குள் பெயரில் ஒரு கறுப்புப் புள்ளியும் விழக் கூடாது. சம்சாரத்தின் தம்பி, அதாவது மச்சான், யூனியன் செயலாளர். வீட்டுக்கு வந்து கையெடுத்துக் கும்பிட்டுச் சொல்லிவிட்டுப் போனான்.

"அத்தான், ஒரே ஒரு மாசம். வாயையும் மூடிக்கிட்டு, கண்ணையும் மூடிக்கிட்டு ஓட்டுங்க. யார் என்ன சொன்னாலும் கேட்காதீங்க."

"கண்ணை மூடிக்கிட்டு எப்படிடா கொடி காட்டறது?"

"பாருங்க, இதத்தான் சொல்றேன்."

அவன் சொல்லிவிட்டுப் போன அதே வாரம் அது நடந்தது.

அன்று டிரைவர், ஒட்டகம் என்று எல்லாரும் கூப்பிடுகிற நெட்டை ஆள். கூன் கழுத்து, அசையாத முகம், எந்த வெயிலிலும் தாகம் எடுக்காத உடம்பு. அவருக்கும் பாய்லருக்கும் ஆகாது. எப்போதோ ஒரு முறை ஒட்டகம் வண்டியை வெடுக்கென்று இழுத்ததில் பாய்லர் வேனுக்குள் குப்புற விழுந்து முன்பல் உடைந்தது. அதிலிருந்து இருவருக்கும் ரைட்டைத் தவிர வேறு பேச்சில்லை. உதவி டிரைவர் புதிதாக வேலைக்குச் சேர்ந்த ஒரு பெண். இன்னும் வேலை நிரந்தரமாகவில்லை.

நடுப்பகலில் வண்டியை ஒரு லூப் லைனில் தள்ளினார்கள். வளைவான லைன். பக்கத்துத் தண்டவாளத்தில் காலி வேகன்கள் வரிசையாக நின்றன. இன்ஜினிலிருந்து பார்த்தால் பிரேக் வேன் தெரியாது, வேனிலிருந்து இன்ஜின் தெரியாது. கொடி காட்டிப் பயனில்லை. எல்லாம் வாக்கி டாக்கிதான். அந்த வாக்கி டாக்கியும் பேட்டரி செத்துப் பிழைத்துக்கொண்டிருந்தது. மாற்றிக் கொடு என்று கேட்டதற்கு, முழுசாகச் செத்தால்தான் புதுசு தருவோம் என்று சொல்லியிருந்தார்கள்.

பாய்லரின் வயிறு காலையிலிருந்தே சரியில்லை. ரன்னிங் ரூம் சமையல்காரர் முந்தின நாள் மிச்சத்தைச் சுடவைத்துப் போட்டிருந்தார். ஒரு எக்ஸ்பிரஸ் போயிற்று. இன்னொன்று போயிற்று. அதன் ஜன்னல்களில் ஜனங்கள் தண்ணீர் பாட்டிலைச் சாய்த்துக் குடித்துக்கொண்டே போனார்கள். அவருக்கு முதுகில் வியர்வை குளிர்ந்து ஊறியது.

"எப்ப எடுப்பாங்களாம்?" என்று வாக்கி டாக்கியில் கேட்டார்.

ஒட்டகத்தின் குரல் வந்தது. "அவங்க பேசறதப் பார்த்தா, இங்கயே வீடு கட்டிக் குடியேறிடலாம் சார்."

சரி, நேரம் இருக்கிறது. இறங்கிவிடலாம். இந்த இடத்தில்தான் அவர் ஒரு வார்த்தை சொல்லியிருக்க வேண்டும். "இறங்கறேன், நான் சொல்ற வரைக்கும் எடுக்காதே." அவ்வளவுதான். பொத்தானை அழுத்தவும் செய்தார். வாய் வரவில்லை. இன்ஜினில் அந்தப் பெண் இருக்கிறாள். தன் மகளைவிட ஒன்றிரண்டு வயது கூட இருப்பாள். பக்கத்து வண்டிக்காரர்கள், ஸ்டேஷன்காரர்கள் என்று எல்லார் காதிலும் விழுகிற கருவி அது. அதில் ஒரு மனுஷன் என்னவென்று அறிவிப்பது? விரலை எடுத்துவிட்டார். தண்ணீர் பாட்டிலை எடுத்துக்கொண்டு இறங்கினார்.

லைனை ஒட்டிய வயலில் பெண்கள் களையெடுத்துக்கொண்டிருந்தார்கள். அவர்களைத் தாண்டி, ஒரு ஓடையைத் தாண்டி, மேட்டுக்கு அந்தப்புறம் போனால்தான் ஒரு முள்புதர். வலியோடு அவ்வளவு தூரம் நடந்தார். கழுத்தில் வாக்கி டாக்கி தொங்கியது. உட்கார்ந்தார். கண்ணை மூடினார். காலையிலிருந்து இழுத்துப் பிடித்து வைத்திருந்த உடம்பு அப்போதுதான் கொஞ்சம் தளர்ந்தது.

கழுத்தில் குரல் வந்தது. "கார்டு சார், சிக்னல் விழுந்திருச்சு. ரைட்டா?"

"ரைட்" என்றது வாய்.

சொன்னது அவர் இல்லை. அவர் புதருக்குப் பின்னால் இருந்தார். வாய்தான் சொன்னது. பொத்தானை விரல்தான் அழுத்தியது. தூரத்தில் ஹாரன் சத்தம் கேட்டு, வேகன்களை மாட்டியிருக்கும் கப்ளிங்குகள் ஒவ்வொன்றாக விறைக்கிற சத்தம் முன்னாலிருந்து பின்னால் வரிசையாக வந்தபிறகுதான் தான் சொன்னது என்னவென்று உறைத்தது. "நில்லு! நிறுத்துய்யா! நான் வண்டியில இல்ல!" என்று கத்தினார். வாக்கி டாக்கி விளக்கு அணைந்திருந்தது. மிச்சமிருந்த உயிரை அந்த ஒரு ரைட்டுக்குக் கொடுத்துவிட்டு பேட்டரி முழுசாகச் செத்துப்போயிருந்தது. இனிமேல் புதுசு தருவார்கள்.

பேன்ட்டை ஒரு கையில் பிடித்துக்கொண்டு மேட்டில் ஏறி ஓடினார். ஓடையில் ஒரு ஷூ சிக்கிக்கொண்டது. களையெடுத்தவர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள். ஒருத்தி உதவி செய்கிற நினைப்பில், "ஏ வண்டி! நில்லு!" என்று அரிவாளை ஆட்டினாள். வண்டி நிற்கவில்லை. பிரேக் வேன் காலியாக ஆடிக்கொண்டே வளைவில் திரும்பிப் போயிற்று. அதன் பலகைமேல் அவருடைய பச்சைக் கொடி, சிவப்புக் கொடி, சாப்பாட்டுத் தூக்கு எல்லாம் உட்கார்ந்து போயின.

ஒற்றை ஷூவோடு ஸ்டேஷன்வரை நடந்தார். வழி நெடுகத் திட்டினார். ஒட்டகத்தை, பேட்டரியை, சமையல்காரரை, கண்ட்ரோலை, பிரேக் வேனை வரைந்த இன்ஜினியரை, அந்த இன்ஜினியருக்கு வயிறே இருந்திருக்காது என்று. தன் வாயையும் ஒரு அறை அறைந்தார்.

ஸ்டேஷன் மாஸ்டர் போனைக் காதில் வைத்து ஏதோ எழுதிக்கொண்டே நிமிர்ந்தார். கடைசி வேன் ஜன்னலைத் தாண்டும்போது கார்டு இருக்கிறாரா என்று பார்க்க வேண்டியவர், அப்போதும் எழுதிக்கொண்டுதான் இருந்தார். கதவில் நிற்கிறவரை மேலும் கீழும் பார்த்தார்.

"என்ன கார்டு சார், இங்க நிக்கிறீங்க? வண்டி எங்க?"

"அத நீங்கதான்யா அனுப்பி வச்சீங்க!"

"குடை, செருப்பு தொலைச்சவங்களப் பார்த்திருக்கேன். முழு கூட்ஸ் வண்டியத் தொலைச்சிட்டு வந்து நிக்கிறது நீங்கதான் முதல் ஆள்" என்று அவர் சிரிக்க ஆரம்பித்தார். பாதியில் சிரிப்பு நின்றுவிட்டது. கார்டு இல்லாமல் வண்டி போவது சிரிக்கிற விஷயம் இல்லை. நடுவில் கப்ளிங் அறுந்தால் கடைசி வேகன்களைப் பிடித்து நிறுத்த ஆளில்லை. பின்னால் வருவது பயணிகள் வண்டி. அவர் அவசரமாக அடுத்த ஸ்டேஷனுக்குப் போன் போட்டார். அங்கே காலி வேனைப் பார்த்து ஏற்கெனவே நிறுத்தியிருந்தார்கள். கண்ட்ரோலுக்கும் தகவல் போய்விட்டது. மூடி மறைக்க வழியில்லை.

விசாரணைக்குக் கூப்பிட்ட நாளுக்கு முந்தின நாளே மச்சான் வந்து உட்கார்ந்துகொண்டான்.

"அத்தான், நல்லாக் கேளுங்க. வேகன் அடியில ஏதோ தொங்கற மாதிரி இருந்துச்சு, பார்க்க இறங்கினேன். நான் ரைட் சொல்லவே இல்ல. அவ்வளவுதான். வாக்கி டாக்கில பேசினது எங்கயும் பதிவாகாது. உங்க பேட்டரி செத்துப் போயிருந்துச்சு, அதுக்கு ஆதாரம் இருக்கு. செத்த பேட்டரில எப்படி ரைட் சொல்ல முடியும்? முடிஞ்சுது கதை."

"அப்ப ஒட்டகம்?"

"அவரு தலையெழுத்து. உங்க பல்ல உடைச்ச ஆள்தானே?"

சம்சாரம் சமையலறை வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். "தம்பி சொல்றதக் கேளுங்க" என்றாள். "வாழ்க்கையில ஒரு தடவை."

பாய்லர் கேட்பதென்றுதான் முடிவு பண்ணினார். ஒட்டகத்தின்மேல் அவருக்கு எந்தப் பரிவும் இல்லை. நிலைமை எப்படியென்று எட்டிப் பார்த்துக் கேட்டால் என்ன, ரைட்டா என்றதும் ஏறி மிதித்துவிடுவதா? பல்லுக்கும் சேர்த்து அனுபவிக்கட்டும்.

அலுவலக வராந்தாவில் பெஞ்சில் ஒரு மூலையில் ஒட்டகம் உட்கார்ந்திருந்தார். எதிரே வந்து நின்றது அந்த உதவி டிரைவர் பெண்.

"சார், நீங்க ரைட் சொன்னது என் காதுலயும் விழுந்துச்சு."

பாய்லர் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"யூனியன் சார் எங்கிட்டயும் வந்து பேசினாரு. சரியாக் கேட்கலன்னு சொல்லிடும்மான்னு. சொன்னா எங்க டிரைவர் சார் போயிருவாரு, கூடவே நானும் போயிருவேன். எனக்கு இன்னும் நிரந்தரம் ஆகல. நீங்க சொல்லுங்க, நான் என்ன சொல்லட்டும்?"

"யார் கிட்டம்மா எதிர்த்துப் பேசற? உன் வயசு என்ன, என் சர்வீஸ் என்ன?"

"இறங்கறேன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே சார்!"

"நீ அங்க உட்கார்ந்திருக்க. உன் காதுல விழ எப்படிச் சொல்றது? வெக்கம் மானம் வேணாமா?"

அவள் பட்டென்று சொன்னாள். "எனக்கு மட்டும் இன்ஜின்ல தனி ரூம் கட்டிக் கொடுத்திருக்காங்களா? டியூட்டிக்கு வந்தா நான் தண்ணியே குடிக்கறதில்ல சார். டிரைவர் சார் கிட்ட சொல்ல எனக்கும்தான் வெக்கம்."

பாய்லருக்குக் கோபம் இருந்தது, அதை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. அதற்குள் உள்ளே கூப்பிட்டார்கள்.

அதிகாரியின் அறை குளுகுளுவென்று இருந்தது. வயதில் சின்னவர். கோபப்படாமல் பேசினார். பக்கத்தில் கிளார்க் ஒருவர் வாக்குமூலத்தை எழுத உட்கார்ந்திருந்தார். மேசைமேல் தண்ணீர் பாட்டில்கள். மூலையில் ஒரு கதவு. அது என்ன கதவு என்று பாய்லர் கவனிக்கவில்லை.

முதலில் ஒட்டகத்தைக் கேட்டார்கள். "ரைட் வந்துச்சு, எடுத்தேன்" என்றார். அவருக்கு அதற்குமேல் பேச வராது. அடுத்து அதிகாரி பாய்லர் பக்கம் திரும்பினார்.

"ஏன் இறங்கினீங்க?"

"வேகன் அடியில..." என்று ஆரம்பித்தார் பாய்லர். "ஏதோ தொங்கற மாதிரி..."

"ஒரு நிமிஷம்" என்று அதிகாரி எழுந்தார். மூலைக் கதவைத் திறந்து உள்ளே போனார். கதவு சாத்திக்கொண்டது. அறையில் எல்லாரும் உட்கார்ந்திருந்தார்கள். பிறகு தண்ணீர் கொட்டுகிற சத்தம் தாராளமாகக் கேட்டது. குழாய் ஓடியது. அதிகாரி வெள்ளைத் துண்டில் ஒவ்வொரு விரலாகத் துடைத்துக்கொண்டே வெளியே வந்து உட்கார்ந்தார். பாட்டிலைத் திறந்து நாலு மடக்குத் தண்ணீர் குடித்தார்.

"ம், எங்க விட்டோம்?"

பாய்லர் அந்தக் கதவைப் பார்த்தார். பக்கத்தில் வறண்ட உதட்டோடு உட்கார்ந்திருந்த பெண்ணைப் பார்த்தார். கழுத்து நரம்பு புடைத்தது. மச்சான் இருந்திருந்தால் அந்த நரம்பைப் பார்த்தே வாயைப் பொத்தியிருப்பான்.

"வேகன் அடியில ஒண்ணும் தொங்கல" என்றார். "வயித்தால போச்சு. அதுக்கு இறங்கினேன்."

கிளார்க்கின் பேனா நின்றது.

"ரைட் சொன்னீங்களா இல்லையா? எனக்கு அது போதும்" என்றார் அதிகாரி.

"சொன்னேன். எங்கேருந்து சொன்னேன்னு கேளுங்க."

"அது கேள்வி இல்ல."

"அதுதான்யா கேள்வி!" பாய்லரின் கை மேசையில் இறங்கியது. பாட்டில் ஒன்று சாய்ந்தது. "புதருக்குப் பின்னால உட்கார்ந்துக்கிட்டு சொன்னேன். உங்களுக்கு இந்த நாற்காலிலேருந்து எழுந்து நாலு எட்டு எடுத்து வச்சா கதவு. எனக்கு வயலத் தாண்டி, ஓடையத் தாண்டி, மேட்டத் தாண்டிப் போகணும். போற வழியில நாலு பொம்பளைங்க முகத்தப் பார்க்கணும். நீங்க 'ஒரு நிமிஷம்'னு சொன்னா நாங்க எல்லாரும் காத்திருக்கோம். நான் ஒரு நிமிஷம்னு யார் கிட்டய்யா சொல்றது? வேகன் கிட்டயா?"

"கத்தாதீங்க. இதெல்லாம் எழுத வேண்டாம்" என்று அதிகாரி கிளார்க்கிடம் சொன்னார்.

"எழுதணும். நான் சொன்ன ரைட்ட எழுதறீங்கல்ல, அது எங்கேருந்து வந்துச்சுங்கறதையும் எழுதுங்க. வேன்ல கக்கூஸ் இல்ல, அதனால இறங்கினேன், இறங்கின இடத்துலேருந்து ரைட் சொன்னேன். இது மூணும் எழுதினா கையெழுத்துப் போடறேன். ஒண்ணு குறைஞ்சாலும் போட மாட்டேன். டிரைவர் மேல தப்பு இல்ல. அவரு மூஞ்சி எனக்குப் பிடிக்காது, அது வேற."

ஒட்டகத்தின் அசையாத முகம் லேசாக அசைந்தது.

"அப்ப தப்பு முழுக்க உங்க மேலன்னு ஒத்துக்கறீங்க. உங்க பாசஞ்சர் ஆர்டர் என்ன ஆகும்னு தெரியும்ல?" என்றார் அதிகாரி. குரலில் மிரட்டல்கூட இல்லை. கணக்குப் பார்க்கிற குரல்.

பாய்லருக்கு அப்போதுதான் சம்சாரம் ஞாபகம் வந்தாள். அடுப்படி வாசலில் அவள் நின்ற நிலை வந்தது. ஆனால் பாய்லர் திறந்துகொண்டால் பாதியில் மூடத் தெரியாது.

"தெரியும். எழுதச் சொல்லுங்க."

"எங்க இன்ஜின்லயும் இல்ல சார்" என்றது அந்தப் பெண்ணின் குரல். "அதையும் எழுதிக்கச் சொல்லுங்க."

கிளார்க் அதிகாரியைப் பார்த்தார். அதிகாரி சாய்ந்த பாட்டிலை நிமிர்த்தி வைத்துவிட்டு ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். கிளார்க் குனிந்து எழுத ஆரம்பித்தார். அந்த மனுஷர் முழுசாக எழுதினார்.

ஒட்டகத்துக்கும் பெண்ணுக்கும் எச்சரிக்கையோடு முடிந்தது. பாய்லருக்குச் சம்பள உயர்வு நிறுத்தம். பாசஞ்சர் வண்டி அவருக்கு அடுத்தபடி இருந்தவருக்குப் போயிற்று. அவர் இனிப்பு வாங்கிக்கொண்டு வீட்டுக்கே வந்துவிட்டார். பாய்லர் கதவைத் திறக்கவில்லை.

மச்சான் பேச்சை நிறுத்திக்கொண்டான். சம்சாரம் நிறுத்தவில்லை.

"போனுக்கு ஒரு ரைட், புதர்ல ஒரு ரைட். ஊருக்கெல்லாம் ரைட்டு. எனக்கு மட்டும் எல்லாம் தப்பு" என்றாள். "அடுத்த மாசத்துலேருந்து சாயங்காலம் வீட்டுல இருப்பீங்கன்னு பக்கத்து வீட்டுலகூட சொல்லிட்டேன்."

அவர் சத்தம் போடவில்லை. அவள் சொன்னதில் எதிர்த்துச் சொல்ல ஒன்றும் இல்லை. அதுதான் அவருக்கு எல்லாவற்றையும்விடக் கோபமாக இருந்தது.

"அந்த ஆளு துண்டுல கைய துடைச்சுக்கிட்டே வந்தான்டி" என்றார் கடைசியில். "ஒவ்வொரு விரலா."

அவள் சாப்பாட்டுத் தூக்கைக் கழுவி எடுத்து வைத்தாள். "ரெண்டு நாளைக்குக் கட்டறேன். எப்ப வருவீங்களோ" என்றாள்.

விசாரணையின் பலனாக மேலிடத்திலிருந்து ஒரு நடவடிக்கை வந்தது. வந்ததா, கக்கூஸ் வந்ததா என்று எல்லாரும் ஓடிப்போய் நோட்டீஸ் பலகையைப் பார்த்தார்கள். இனிமேல் கார்டுகள் வெறுமனே ரைட் என்று சொல்லக் கூடாது, "வேனில் இருக்கிறேன், ரைட்" என்று சொல்ல வேண்டும் என்று உத்தரவு. வேனில் ஒரு ஆணிகூடப் புதிதாக அடிக்கவில்லை. கார்டு வாயில் ரெண்டு சொல் கூட்டிவிட்டார்கள். அதை எழுதியவரின் அறையிலும் மூலையில் ஒரு கதவு இருக்கும்.

பாய்லர் அந்தப் பலகைமுன் நின்று திட்டியதை இங்கே எழுத முடியாது.

அடுத்து வண்டி ஏறிய நாளில் இன்ஜினில் மறுபடியும் ஒட்டகமும் அந்தப் பெண்ணும்தான். வழக்கம்போல் ஒரு லூப் லைனில் தள்ளினார்கள். வழக்கம்போல் "இதோ எடுத்துடறோம்" என்றார்கள். வெயில் ஏறி, சுவர் காய்ந்து, எக்ஸ்பிரஸ்கள் போய் முடிந்தன. புதுப் பேட்டரி போட்ட வாக்கி டாக்கி கரகரத்தது.

"கார்டு சார், சிக்னல் விழுந்திருச்சு." ஒட்டகம் ஒரு நொடி நிறுத்தினார். "வேன்லதானே இருக்கீங்க?"

"வேன்ல இல்லாம உன் மடியிலயாய்யா உட்கார்ந்திருக்கேன்?"

"உத்தரவுப்படி சொல்லுங்க சார்."

வாய் தானாக ரைட் என்று சொல்ல வந்தது. பாய்லர் அதைப் பல்லுக்குள் பிடித்து நிறுத்தினார். பொத்தானை அழுத்தினார். பக்கத்து ஸ்டேஷன், எதிரே வரும் வண்டி, கண்ட்ரோல், எல்லார் காதிலும் விழட்டும் என்று தொண்டையைத் திறந்தார்.

"வேன்ல இருக்கேன். கக்கூஸ் இல்ல. ரைட்!"

கரகரப்புக்கு நடுவே அந்தப் பெண்ணின் குரல், நிதானமாக, ஒவ்வொரு சொல்லாக வந்தது.

"இன்ஜின்லயும் இல்ல. ரைட்!"

ஹாரன் அடித்தது. வண்டி வெடுக்கென்று இழுத்தது. "மெதுவா எடுய்யா, ஒட்டகமே! பல்லு!" என்று பாய்லர் கத்தினார். அதுவும் எல்லார் காதிலும் விழுந்தது.

இப்போது அந்த லைனில் எந்தக் கார்டும் உத்தரவுப்படி மட்டும் ரைட் சொல்வதில்லை. யார் வேனிலும் இன்னும் கக்கூஸ் வரவில்லை.